இருபத்தாறாம் பக்கத்துக் கட்டைவிரல்

காலை எட்டு மணி பத்து நிமிடத்துக்கு வேத்ரன் அந்தப் பக்கத்தைத் திறப்பான். 'லெப்திர்' பத்திரிகை, நாற்பத்தேழாம் இதழ், 1981 ஆகஸ்ட், பக்கம் இருபத்தாறு. திரையின் இடது கீழ் மூலையில் ஒரு கட்டைவிரல் இருக்கும். அதை ஒரு நிமிடம் பார்ப்பான். பிறகு மூடிவிட்டு வேலையைத் தொடங்குவான்.

விரல் அவன் மனைவி இர்மாவுடையது. அவன் வேலை பார்க்கும் இதே நூலகத்தின் கீழ்த்தளத்தில் பழைய பத்திரிகைகளை ஸ்கேன் செய்யும் வேலை பார்த்தாள். போன நவம்பரில், முப்பத்தோரு வயதில், பேருந்துக்காக நின்றுகொண்டிருந்தவள் அப்படியே கீழே விழுந்தாள். மூளையில் ரத்தக் குழாய் வெடித்துவிட்டது என்றார் மருத்துவர். வேத்ரன் தலையாட்டினான். இப்போது ஜூன். யார் எதைச் சொன்னாலும் அவன் இன்னும் தலையாட்டிக்கொண்டுதான் இருந்தான்.

லெப்திர் வயதுவந்தவர்களுக்கான பத்திரிகை. யூகோஸ்லாவியா இருந்த காலத்தில் ரியெகா துறைமுக நகரின் எல்லாப் பெட்டிக்கடைகளிலும் தொங்கியது. ஆடையில்லாத பெண்களுக்கு நடுவே அமைச்சர்களின் நீண்ட பேட்டிகள் வரும். கடைசிப் பக்கத்தில் சதுரங்கப் புதிர் வரும். அதை வாங்கிய ஆண்கள் எல்லாருமே சதுரங்கத்துக்காகத்தான் வாங்கினார்கள். அச்சாகும் எதிலும் ஒரு பிரதி நூலகத்துக்குப் போக வேண்டும் என்பது சட்டம். ஆகவே லெப்திரும் வந்து சேர்ந்தது. சேர்ந்த பிரதிகளிலிருந்து பக்கங்கள் பிளேடால் அறுபட்டுக் காணாமல் போகத் தொடங்கின. அப்போதிருந்த நூலகர் கோபக்காரர். ஆறாறு இதழ்களாகச் சேர்த்து, ஓரத்திலிருந்து இரண்டு விரற்கடை உள்ளே தள்ளி, செருப்புத் தைக்கும் நூலால் தைக்கச் சொல்லிவிட்டார். திருட்டு நின்றது. படிப்பதும் ஏறக்குறைய நின்றது.

நாற்பது ஆண்டு கழித்து ஸ்கேன் செய்ய எடுத்தபோது அந்தத் தொகுதிகள் விரிய மறுத்தன. யாராவது பக்கத்தை அழுத்திப் பிடித்தால்தான் படம் எடுக்க முடியும். அழுத்துவதற்குக் கண்ணாடிப் பட்டை கொடுத்திருந்தார்கள். இர்மா அதை ஜன்னலில் பூந்தொட்டிக்குக் கீழே வைத்திருந்தாள். கைதான் வேகம் என்பாள். அதனால் பல பக்கங்களில் விரல்கள் விழுந்தன. ஓரத்தில் விழுந்தவற்றை நறுக்கிவிட்டார்கள். இருபத்தாறாம் பக்கத்தில் மட்டும் விரல் எழுத்தின் மேல் கிடந்தது. பழுதுப் பட்டியலில் அதற்கு ஒரு வரி: "இயக்குபவர் விரல் எழுத்தை மறைக்கிறது. மீண்டும் எடுக்கவும்." அந்தப் பட்டியல் வேத்ரனிடம் இருந்தது. எந்தக் கோப்பை மாற்றுவதென்றாலும் அவன் ஒப்புதல் வேண்டும். அந்த வரிக்கு நேரே "பிறகு" என்று போட்டு வைத்திருந்தான்.

அவன் மேசைக்கு உரிமைப் பிரிவு என்று பெயர். லெப்திரை வலையில் போட முடியாது. நடத்திய நிறுவனம் கலைந்துவிட்டது. படமெடுத்தவர்களின் வாரிசுகள் இருக்கிறார்கள். படத்தில் இருப்பவர்கள் பலர் உயிரோடு இருக்கிறார்கள். எனவே வாசிப்பறையில் உள்ள நான்கு கணினிகளில் மட்டும் பார்க்கலாம். பதினெட்டு வயது ஆகியிருக்க வேண்டும், உறுப்பினர் அட்டை வேண்டும், கைபேசியை வெளியே பெட்டியில் வைத்துவிட்டு வர வேண்டும். படத்தில் இருப்பவர் நேரில் வந்தால் அவருக்கு இரண்டு உரிமைகள். பக்கத்தை மூடச் சொல்லலாம், அல்லது நூலக முத்திரையோடு ஒரு பிரதி வாங்கிக்கொள்ளலாம். மூன்று ஆண்டுகளில் பதினொரு பேர் மூடச் சொன்னார்கள். பிரதி கேட்டு ஒருவரும் வரவில்லை.

திங்கட்கிழமை ஒரு அம்மாள் வந்தார். உதட்டுச் சாயம், கையில் கீரைக்கட்டு நீட்டிக்கொண்டிருக்கும் சந்தைப் பை.

"கீழ இருக்குற பொண்ணு சொன்னா, அம்மணப் புஸ்தகத்துக்கெல்லாம் மேல ஒரு ஆபீஸர் இருக்காருன்னு. நீதானா?"

"நான்தாம்மா. உக்காருங்க."

"இவ்வளவு சோகமான ஆளைப் போட்டிருக்காங்களே இந்த வேலைக்கு." உட்கார்ந்தார். பையை மடியில் வைத்துக்கொண்டார். "என் பேரு நெவென்கா புர்ஷிச். ஒரு பழைய லெப்திர் வேணும். என் தங்கச்சி பையன் கம்ப்யூட்டர்ல தேடினான். ஒரு எடத்துல எல்லாம் இலவசம்னு போட்டு, கார்டு நம்பர் கேட்டிருக்கான். இந்தக் கழுதையும் குடுத்திருக்கு. மறுநாள் சைப்ரஸ்ல எவனோ இவன் காசுல ஷூ வாங்கிட்டான். இன்னொரு எடத்துல தொறந்ததுமே கம்ப்யூட்டர் செத்துப்போச்சு. சந்தையில ஒருத்தன் மொத்த லெப்திரையும் ஒரு டிஸ்க்குல போட்டுத் தர்றேன்னான்."

"அது திருட்டுப் பிரதிம்மா. அதை எங்க கொண்டுபோய்க் காட்டினாலும் செல்லாது."

"அதனாலதான் இங்க வந்தேன். எனக்குச் செல்லணும்."

வேத்ரன் தலையாட்டினான்.

"துறைமுகக் கிடங்குல வெள்ளிக்கிழமை ஒரு பழைய போட்டோ கண்காட்சி தொறக்கறாங்க. போஸ்டர் பாத்திருப்பியே? பாறை மேல ஒரு பொண்ணு, ஈரத் தலை, காலடியில மீன் பெட்டி. கீழ பெல்கிரேடு நடிகைன்னு போட்டிருக்கான். அது நடிகை இல்ல. நான்."

வேத்ரன் போஸ்டரைப் பார்த்ததில்லை. கடந்த ஏழு மாதங்களில் எந்தப் போஸ்டரையும் பார்த்ததில்லை.

"போய்ச் சொன்னேன். அங்க இருந்த குட்டி ஆதாரம் கேக்குறா. அறுபத்தாறு வயசுல அவுத்தா காட்ட முடியும்? காட்டினாலும் எவன் நம்புவான்? படம் எடுத்தவனும் செத்துட்டான். ஆனா லெப்திர்ல என் பேரு இருக்கு. மத்தப் பொண்ணுங்க எல்லாம் சாண்ட்ரா, மோனிகான்னு பொய்ப் பேரு குடுத்தாளுங்க. நான் அவன்கிட்ட சொன்னேன், என் பேரைப் போடறதா இருந்தா எடு, இல்லாட்டி கேமராவை மடக்கிட்டுக் கெளம்புன்னு. போட்டான். நெவென்கா புர்ஷிச், மீன் பதனிடும் தொழிற்சாலை. எங்கம்மா ஒரு வருஷம் பேசல. தொழிற்சாலையில நான் எறநூத்திப் பன்னெண்டு. நம்பரைச் சொல்லித்தான் கூப்பிடுவாங்க. அந்த ஒரு எடத்துலதான் முழுப் பேரும் இருந்துச்சு."

"உங்களுக்கு எப்ப வேணும்?"

"புதன்கிழமை அஞ்சு மணிக்குள்ள நூலக முத்திரையோட கொண்டுவந்தா சுவத்துல பேரை மாத்தறாங்களாம். அதுக்கப்புறம் மாத்த மாட்டாங்களாம்."

"எந்த இதழ்னு ஞாபகம் இருக்கா?"

"எண்பத்தொண்ணு கோடை."

வேத்ரன் தேடினான். ஜூலை இதழில் பாறை இல்லை. ஆகஸ்ட் இதழைத் திறந்தான். பக்கங்களைத் தள்ளிக்கொண்டே போனான். இருபத்தாறில் நின்றான்.

பாறை இருந்தது. மீன் பெட்டி இருந்தது. ஈரத் தலையோடு ஒரு பெண், யாரோ சொன்ன எதற்கோ வாய்விட்டுச் சிரித்துக்கொண்டிருந்தாள். இந்தப் பக்கத்தை அவன் நூற்று நாற்பது முறையாவது திறந்திருப்பான். இவளை இன்றுதான் பார்க்கிறான். படத்துக்குக் கீழே, பெயர் இருக்க வேண்டிய இடத்தில், இர்மாவின் கட்டைவிரல். ஒட்ட வெட்டிய நகம். கணவாய் சுத்தம் செய்யும்போது பட்ட வெட்டுத் தழும்பு. நகத்துக்கு அப்பால் 'தொழிற்சாலை' என்ற சொல் மட்டும் தெரிந்தது.

திரை அவன் பக்கம் திரும்பியிருந்தது.

"கெடைச்சுதா?"

"பக்கம் பழுதும்மா. படம் சரியா விழல. திரும்ப எடுக்கணும்."

"எடு."

"ரெண்டு வாரம் ஆகும்."

நெவென்கா அவனையே பார்த்தார். "ரெண்டு வாரம் கழிச்சு நான் எதுக்கு வரணும்? நடிகைன்னு போட்ட சுவத்தை நக்கறதுக்கா?"

"புதன்கிழமை வாங்க. பாக்கறேன்."

"பாக்கறேன்னு சொன்ன எவனும் இதுவரைக்கும் பாத்ததில்ல மகனே." ஆனாலும் விண்ணப்பத்தை நிரப்பினார். கையெழுத்தைப் பெரிதாகப் போட்டார். கீரையோடு போய்விட்டார்.

இரண்டு வாரம் என்பது பொய். பத்து நிமிட வேலை. பொய் சொன்னதை வேத்ரன் கவனித்தான், வெளியே தெற்குக் காற்று வீசத் தொடங்கியிருப்பதைக் கவனிப்பது போல.

மறுநாள் கீழ்த்தளத்துக்குப் போனான். அங்கே டூஷ்கோ இருந்தான். ஐம்பத்தைந்து வயது, ஸ்கேன் அறையின் பொறுப்பாளன், இர்மாவோடு நான்கு வருடம் பக்கத்து இயந்திரத்தில் வேலை பார்த்தவன். நூலகத்தில் தன்னைவிடச் சின்னவர்கள் எல்லாரையும் கிழவா என்றுதான் கூப்பிடுவான்.

"வாடா கிழவா. மூஞ்சி ஏன் ஊறுகாய் மாதிரி இருக்கு? தெக்கத்திக் காத்து தலையைப் பிடிச்சிடுச்சா?"

"நாற்பத்தேழு, இருபத்தாறு. திரும்ப எடுக்கணும்."

டூஷ்கோ காபிப் பாத்திரத்தை அடுப்பிலிருந்து இறக்கிவைத்தான். எந்தப் பக்கம் என்று அவனுக்குத் தெரியும். ஏழு மாதமாக அதைப் பற்றி அவன் கேட்டதில்லை.

"யாரு கேட்டா?"

"படத்துல இருக்கறவங்க."

"அந்த மீன் பெட்டியா? உயிரோட இருக்காளா? ஐயோ கடவுளே. எனக்குப் பதினோரு வயசு. எங்கப்பா கேரேஜ்ல கார்புரேட்டர் அட்டைப்பெட்டிக்குள்ள வச்சிருந்தாரு. எங்கம்மா கண்டுபிடிச்சப்ப சதுரங்கம்னாரு. அவருக்குக் குதிரை எப்படி நகரும்னே தெரியாது." சிரித்தான். வேத்ரன் சிரிக்கவில்லை. டூஷ்கோ காபியை ஊற்றினான். "புதுசா எடுத்தா பழசு போயிடும். தெரியுமில்ல?"

"தெரியும்."

ஒரு பக்கத்துக்கு ஒரு கோப்பு. இரண்டு வைத்துக்கொள்ள இடமில்லை என்று ஆரம்பத்திலேயே சொல்லிவிட்டார்கள். உரிமை ஒப்பந்தத்தில் நூலகம் கையெழுத்துப் போட்டதும் அப்படித்தான்: கட்டுப்பாடுள்ள தொகுப்பில் ஒரு படி மட்டும், நூலகத்துக்கு வெளியே எதுவும் இல்லை.

டூஷ்கோ மேசை இழுப்பறையைத் திறந்து ஒரு பென்டிரைவை எடுத்து, காபிக் கோப்பைக்குப் பக்கத்தில் வைத்தான்.

"வேணாம்," என்றான் வேத்ரன்.

"எவன் பாக்கப்போறான்?"

"வேணாம் டூஷ்கோ."

"ஏன்டா? போன் கொண்டுவரக் கூடாதுன்னு கதவுல எழுதி ஒட்டினவன் நீங்கறதுனாலயா?"

வேத்ரன் யோசித்தான். அதனால் இல்லை. "அது அந்தம்மா படம். அவங்க உடம்பு. அதை வீட்டுல கொண்டுபோய் வச்சுக்கச் சொல்றியா?"

"விரலை மட்டும் நறுக்கிக்க."

"விரலுக்கு அடியில அவங்க பேரு இருக்கு."

"பேரு எங்கடா தெரியுது? விரல்தானே தெரியுது."

"அதான்."

டூஷ்கோ பென்டிரைவைத் திரும்ப இழுப்பறையில் போட்டான். காபியைக் குடித்தார்கள். வேத்ரனின் கைபேசியில் இர்மாவின் படங்கள் எழுநூறு இருந்தன. கடற்கரையில், யாரோ திருமணத்தில், அவன் செய்த கேக்கின் முன்னால். எல்லாவற்றிலும் படம் எடுக்கிறார்கள் என்று அவளுக்குத் தெரிந்திருந்தது. இருபத்தாறாம் பக்கத்தில் தெரிந்திருக்கவில்லை. அங்கே அவள் வேலை செய்துகொண்டிருந்தாள். சாப்பாட்டு நேரத்துக்கு இன்னும் எத்தனை பக்கம் என்று நினைத்துக்கொண்டிருந்திருக்கலாம். இதை அவன் டூஷ்கோவிடம் சொல்லவில்லை.

புதன்கிழமை காலை எட்டு மணி பத்து நிமிடத்துக்குப் பக்கத்தைத் திறந்தான். ஒரு நிமிடம் பார்த்தான். மூடினான். கீழே போனான்.

டூஷ்கோ தொகுதியை ஏற்கெனவே எடுத்து வைத்திருந்தான். செங்கல் கனம். வேத்ரன் அதைக் காகிதமாகத் தொட்டது அதுதான் முதல் தடவை. விரித்தால் முதலை வாய் போல் திரும்ப மூடிக்கொண்டது. கண்ணாடிப் பட்டையை வைத்தார்கள். இடது கீழ் மூலை மட்டும் எழும்பி நின்றது. அங்கே பக்கம் எப்போதோ கிழிந்து, எவரோ பசைநாடா ஒட்டியிருந்தார்கள். நாடா காய்ந்து விறைத்துப் போயிருந்தது. வேத்ரன் தன்னையறியாமல் அந்த மூலையில் கட்டைவிரலை வைத்து அழுத்தினான். பெயர் மறைந்தது.

"அங்கதான் எல்லாரும் அழுத்துவாங்க," என்றான் டூஷ்கோ. "வேற வழி இல்ல. பட்டை வச்சிருந்தாலும் இர்மா அழுத்தியிருப்பா. அவ சோம்பேறின்னு நெனைச்சிக்கிட்டிருந்தேன் நான்."

"நானும்."

"ஒரு தையலை வெட்டிடலாமா?"

"கூடாது."

"கூடாதுதான். சும்மா கேட்டேன்."

பிறகு ஒரு வழி கண்டுபிடித்தார்கள். தொகுதி கிடந்த பலகையை டூஷ்கோ முழங்காலால் கீழிருந்து தூக்கினான். வேத்ரன் பக்கத்தை அழுத்தாமல், நாடாவின் நுனியை இரண்டு நகங்களால் கிள்ளி வெளியே இழுத்தான். முதல் தடவை அவன் நிழல் விழுந்தது. இரண்டாவது தடவை டூஷ்கோவுக்கு முழங்கால் நடுங்கியது.

"சீக்கிரம்டா. எனக்கு மூட்டு வலி. அவ மீன் பெட்டியைத் தூக்கினது போதாதுன்னு நான் வேற அவளைத் தூக்கறேன்."

மூன்றாவது தடவை சரியாக விழுந்தது. டூஷ்கோ மூக்குக் கண்ணாடியை நெற்றியிலிருந்து இறக்கிப் படித்தான். "நெவென்கா புர்ஷிச், மீன் பதனிடும் தொழிற்சாலை, ரியெகா. சத்தியமா போட்டிருக்கான் பாரு."

கணினி கேட்டது: பழைய கோப்பை நீக்கிப் புதியதை வைக்கவா? கீழே ஒப்புதல் எண்ணுக்கு ஒரு கட்டம்.

டூஷ்கோ கோப்பைகளைக் கழுவ எழுந்து போனான். இரண்டுமே சுத்தமாகத்தான் இருந்தன.

வேத்ரன் எண்ணை அடித்தான். ஆம் என்பதை அழுத்தினான். ஒரு பச்சைக் கோடு நீண்டு முடிந்தது. நான்கு நொடி ஆயிற்று. அழுகையோ எதுவோ வரும் என்று காத்திருந்தான். எதுவும் வரவில்லை. பசித்தது. நேற்று ராத்திரி சாப்பிடவில்லை என்பது நினைவுக்கு வந்தது. தெருமுனைக் கடையில் பாலாடைக்கட்டி அடைத்த புரெக் ரொட்டி வாங்கி, நின்றபடியே முழுவதையும் தின்றான்.

நெவென்கா மதியம் வந்தார். வேத்ரன் முத்திரை குத்திய தாளை நீட்டினான். அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு முதலில் கீழ்வரியைத்தான் பார்த்தார். உதடு அசைய இரண்டு தடவை படித்தார். அதன் பிறகுதான் படத்துக்குப் போனார்.

"முழங்காலைப் பாரு! இந்த முழங்காலை வச்சுக்கிட்டு நான் அந்த நாத்தத்துல நின்னு மத்தி மீனுக்குத் தலை கிள்ளிக்கிட்டிருந்தேன்."

"நல்லா இருக்கும்மா."

"உன்னைக் கேக்கல." தாளைப் பைக்குள் வைக்கப் போனவர் நிறுத்தினார். "ரெண்டு வாரம்னே. ரெண்டு நாள்ல எப்படி வந்துச்சு?"

சொல்லாமல் இருந்திருக்கலாம். "பொய் சொன்னேன்மா. ஒரு விரல் உங்க பேரை மறைச்சிருந்துச்சு. எனக்கு அதை எடுக்க மனசில்ல."

"யாரு விரலு?"

"என் மனைவியோடது. இங்கதான் ஸ்கேன் பண்ணிக்கிட்டிருந்தா."

"இப்ப எங்க?"

"நவம்பர்ல செத்துட்டா."

நெவென்கா கண்ணாடியைக் கழற்றினார். "பேரு?"

"இர்மா. இர்மா லுகெஷ்."

"பச்சை ஸ்வெட்டர் போட்டிருந்த பொண்ணு. கொசாலா பஸ் ஸ்டாப்புல, சாவு அறிவிப்பு ஒட்டற பலகையில படம் பாத்தேன். எங்க செட்டுல யாரு போயிருக்காங்கன்னு தினமும் காலையில பாப்பேன். அன்னிக்கு நின்னு படிச்சேன், ரொம்பச் சின்னப் பொண்ணா இருக்காளேன்னு." கண்ணாடியை மறுபடி மாட்டினார். "அந்த விரல் இப்ப எங்க?"

"அழிச்சாச்சு."

"எம் பேருக்காகவா?"

"ஆமா."

நெவென்கா தாளை மீண்டும் எடுத்துப் பார்த்தார், அந்த மூலையை. அங்கே எழுத்து மட்டும்தான் இருந்தது.

"நான் பொய் சொல்ல மாட்டேன் மகனே. திங்கட்கிழமையே நீ இதைச் சொல்லியிருந்தாலும் நான் பேரைத்தான் கேட்டிருப்பேன்."

"தெரியும்மா."

"தெரிஞ்சா சரி." எழுந்தார். பையைத் தோளில் மாட்டினார். வேத்ரனின் கன்னத்தை ஒரு தட்டு தட்டினார், கொஞ்சம் வலிக்கும்படியாகவே. "ஷேவ் பண்ணு. அஞ்சு மணிக்குள்ள நான் கிடங்குக்குப் போகணும். அந்தக் குட்டி மூஞ்சியைப் பாக்கணும்."

அவர் போனதும் வேத்ரன் பழுதுப் பட்டியலைத் திறந்தான். நாற்பத்தேழு, இருபத்தாறு. "பிறகு" என்றிருந்ததை "முடிந்தது" என்று மாற்றினான். வரியை மூடுவதற்கு முன் கணினி வழக்கம்போல் ஒரு குறிப்புக் கட்டத்தைக் காட்டியது. அதை யாரும் நிரப்புவதில்லை. பக்கத்துக் கட்டத்தில் பழைய படத்தை எடுத்தவர் யார் என்பது தானாகவே விழுந்திருந்தது: இயக்குபவர் 3.

குறிப்புக் கட்டத்தில் எழுதினான்: விரல் இர்மா லுகெஷுடையது.

சேமித்தான். படங்களை மாற்றுவார்கள், பழுதுப் பட்டியலை நூலகம் அழிப்பதில்லை.

அடுத்த வரி, நாற்பத்தெட்டாம் இதழ், பக்கம் ஒன்பது, மங்கல். வேத்ரன் அந்தப் பக்கத்தைத் திறந்தான். எங்கே மங்கியிருக்கிறது என்று தேடுவதற்கு முன், படத்தில் இருப்பது யார் என்று பார்த்தான்.